அறுபத்து நான்கு சுற்று

"காலையிலேயே கூட்டிட்டு வந்திருக்கணும்" என்றார் மருத்துவர்.

அவர் திட்டவில்லை. கோப்பைப் பார்த்தபடியே, நாளை மழை வரும் என்பதைப் போலச் சொன்னார். அதுதான் மூத்த மகள் பெரியவளை அதிகமாகச் சுட்டது. மூளைக்குப் போகும் ரத்தக்குழாயில் ரத்தக்கட்டி அடைத்திருக்கிறது, முதல் நான்கு மணி நேரத்துக்குள் வந்திருந்தால் கரைக்க மருந்து உண்டு, இப்போது அந்த நேரம் தாண்டிவிட்டது, இனிமேல் பயிற்சிதான், வலது கை எவ்வளவு திரும்பும் என்று சொல்ல முடியாது. இவ்வளவும் சொல்லிவிட்டு அவர் அடுத்த கட்டிலுக்குப் போனார்.

அம்மாவுக்குத் தையல் வேலை. நாற்பது வருடமாக வலது கையில் கத்தரிக்கோல் பிடித்தவள். அன்று காலை எட்டு மணிக்கு அந்தக் கத்தரிக்கோல் கையிலிருந்து நழுவி விழுந்தது. குனிந்து எடுக்கப் பார்த்தாள், விரல் மடங்கவில்லை. கணவரைக் கூப்பிட்டுக் கை மரத்துப் போகிறது என்றாள். அவர் வந்து அவள் நெற்றியில் உள்ளங்கையை வைத்து, கண்ணை மூடி, பத்து நிமிடம் அசையாமல் நின்றார். பிறகு, "பாத்துட்டேன். தலைக்குள்ள ஒன்னும் இல்ல, சுத்தமா இருக்கு. கழுத்து நரம்புல ஒரு முடிச்சு, அவ்வளவுதான். படுத்துக்கோ, சாயங்காலம் சரியாயிடும்" என்றார்.

அம்மா படுத்துக்கொண்டாள். அவர் சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நம்பினாள். நம்பாமல் எப்படி இருப்பாள்? கூடத்துச் சுவரில், கண்ணாடிச் சட்டத்துக்குள், பல்கலைக்கழகத்து முத்திரையோடு ஒரு கடிதம் தொங்கிக்கொண்டிருந்ததே. 'புலன்களுக்கு அப்பாற்பட்ட உணர்வு இவரிடம் இருப்பது எமது ஆய்வில் நிறுவப்பட்டுள்ளது' என்று அதில் அச்சடித்திருந்தது. கீழே பேராசிரியரின் கையெழுத்து, பச்சை மையில்.

பெரியவள் அச்சகத்திலிருந்து மூன்று மணிக்கு வீடு திரும்பியபோது அம்மாவின் வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது. கூப்பிட்டதற்குப் பதில் குழறலாக வந்தது. பக்கத்து நாற்காலியில் அப்பா உட்கார்ந்து, மறுபடியும் கண்ணை மூடியிருந்தார்.

பெரியவளுக்கு அச்சகத்தில் மெய்ப்பு பார்க்கும் வேலை. அச்சுக்குப் போகும் முன் ஒவ்வொரு பக்கத்தையும் எழுத்தெழுத்தாகப் படித்துப் பிழை பிடிப்பவள். அங்கே அவளுக்குப் பூதக்கண்ணாடி என்று பெயர். வீட்டில் மூத்தவள் என்பதால் பெரியவள். சின்னவள் கல்யாணமாகி வேறு ஊரில் இருந்தாள். பெரியவளுக்குக் கோபம் மூக்கு நுனியில் என்று சொந்தக்காரர்கள் சொல்வார்கள். உண்மையில் அவளுக்குக் கோபம் தாமதமாகத்தான் வரும், வந்தால் லேசில் போகாது. அன்று ஆஸ்பத்திரி நடையில் அவள் அழவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு நின்றாள். அப்பா பக்கத்தில் வந்து தோளைத் தொட்டபோது விலகிக்கொண்டாள்.

"ஏதோ தப்பாயிடுச்சும்மா" என்றார் அப்பா. "இன்னிக்கு எனக்கு மனசு ஒட்டல போல. எப்பவும் தெளிவா தெரியும்."

"இன்னொரு தடவை தெரியும்னு சொல்லாதீங்க" என்றாள் பெரியவள். "சொன்னீங்கன்னா நான் என்ன பேசுவேன்னு எனக்கே தெரியாது."

அப்பா மோசக்காரர் இல்லை. அதுதான் சங்கடமே. முப்பத்தொரு வருடம் ரயில் சிக்னல் அறையில் நெம்புகோல் இழுத்து, ஒரு விபத்துகூட இல்லாமல் ஓய்வு பெற்ற மனிதர். ஓய்வுக்குப் பிறகு பொழுது போகாமல் இருந்தவர் கண்ணில் ஒரு செய்தித்தாள் அறிவிப்பு பட்டது. உளவியல் துறையில் ஓர் ஆய்வு, பங்கேற்க ஆள் தேவை. போனார். அங்கே ஒரு திரை. திரைக்கு அந்தப் பக்கம் ஒருவர் சீட்டு எடுப்பார். இந்தப் பக்கம் இருப்பவர் என்ன சீட்டு என்று சொல்ல வேண்டும். வட்டம், கூட்டல் குறி, அலை, சதுரம், நட்சத்திரம் என்று ஐந்து வகை. வகைக்கு ஐந்தாக இருபத்தைந்து சீட்டு ஒரு சுற்று. குருட்டாம்போக்கில் சொன்னாலே சராசரியாக ஐந்து சரியாகிவிடும். அப்பா முதல் நாள் முதல் சுற்றிலேயே பதினொன்று சரியாகச் சொன்னார்.

பேராசிரியர் எழுந்து வந்து கை குலுக்கினாராம். அன்றிலிருந்து எட்டு மாதம், வாரத்துக்கு இரண்டு நாள். பிறகு ஆய்விதழில் கட்டுரை வந்தது, செய்தித்தாளில் படம் வந்தது, சுவரில் கடிதம் ஏறியது. தெருவில் சாவி தொலைத்தவர்கள் வந்தார்கள். ஒருத்தர் சாவி அவர் சொன்ன மாதிரியே அலமாரிக்கு அடியில் கிடைத்தது. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதைதான், ஆனால் தெருவே அதைச் சொல்லித் திரிந்தது. கிடைக்காத ஏழெட்டுச் சாவிகளைப் பற்றி யாரும் பேசவில்லை. அப்புறம் உடம்பு சரியில்லாதவர்களும் வர ஆரம்பித்தார்கள். அப்பா காசு வாங்கவில்லை. நாலு பேருக்கு உதவியாக இருக்கிறோம் என்று மெய்யாகவே நம்பினார்.

பெரியவள் அப்போதே ஒரு தடவை, "இது எனக்குச் சரியாப் படலப்பா" என்றாள். "பல்கலைக்கழகமே சொல்லியிருக்கு, நீ யாரு?" என்றார். அவள் விட்டுவிட்டாள். இப்போது அப்படி விட்டுவிட்டதைத்தான் அவளால் மன்னிக்க முடியவில்லை.

அம்மா வீடு திரும்பிய மறுவாரம் பெரியவள் பேராசிரியரைப் பார்க்கப் போனாள்.

நல்ல வெளிச்சமான அறை. பேராசிரியர் எழுந்து நாற்காலி காட்டினார், தேநீர் வரவழைத்தார். நடந்ததைக் கேட்டுத் தலையை ஆட்டினார்.

"ரொம்ப வருத்தமா இருக்கும்மா. ஆனா வைத்தியம் பாக்கச் சொல்லி நாங்க யாரும் அவர்கிட்ட சொல்லலையே."

"சக்தி இருக்குன்னு எழுதிக் கொடுத்தீங்க."

"சீட்டு ஆய்வுல இருக்குன்னு எழுதினோம். உங்கப்பா ரொம்ப அபூர்வமானவர். விஞ்ஞானத்துல மனசைத் திறந்து வெச்சுக்கணும். சந்தேகப்படறவங்களுக்கு எதுவுமே பிடிபடாது."

"அந்தத் தாள்களை நான் பாக்கலாமா? அப்பா உக்காந்த எல்லாச் சுற்றும்."

பேராசிரியர் சிரித்தார். "அதெல்லாம் ஆய்வுத் தரவு. வெளியாளுக்குக் காட்டறதில்ல. முடிவுதான் கட்டுரையில இருக்கே."

தேநீரைத் தொடாமல் எழுந்து வந்தாள். மாடிப்படி இறங்கும்போது பின்னால் செருப்புச் சத்தம். ஐம்பது வயதுக்காரர் ஒருவர், மூச்சு வாங்க இறங்கி வந்தார். அந்தத் துறையின் ஆய்வகப் பணியாளர். சீட்டுக் கலைத்துப் போடுவது அவர் வேலை என்பதால் எல்லோருக்கும் அவர் சீட்டுக்காரர்.

"பங்கேற்ற ஆள் எழுதிக் கேட்டா அவரோட தாளைக் காட்டியே ஆகணும்னு விதி இருக்கு" என்றார் குரலைத் தாழ்த்தி. "இதுவரைக்கும் யாரும் கேட்டதில்ல. உங்கப்பாகிட்ட ஒரு கடிதம் வாங்கிட்டு வாங்க. பேராசிரியர்கிட்ட கொடுக்காதீங்க, நேரா அலுவலகத்துல கொடுத்து முத்திரை வாங்குங்க."

அப்பா உடனே கையெழுத்துப் போட்டார். "பாரு, நல்லா பாரு. அப்பவாவது உனக்கு நம்பிக்கை வரும்" என்றார். அந்த வேளையிலும் அவர் குரலில் இருந்த பெருமையைக் கேட்டு அவளுக்குப் பேனாவைப் பிடுங்கி வீசலாம் போல இருந்தது.

ஆவண அறையில், ஜன்னலோரத்து மேசையில், இரண்டு மதியம் உட்கார்ந்தாள். மொத்தம் அறுபத்து நான்கு தாள். கட்டுரையில் இருந்ததோ பத்தே சுற்று. இருநூற்றைம்பது சீட்டில் எண்பத்தொன்று சரி என்று அதில் போட்டிருந்தது. பத்தும் உண்மைதான், கூட்டலில் பிழை இல்லை. மீதி ஐம்பத்து நான்கு எங்கே போயிற்று?

எங்கும் போகவில்லை, கையில்தான் இருந்தன. ஒவ்வொன்றின் ஓரத்திலும் ஒரு குறிப்பு. 'பயிற்சிச் சுற்று.' 'தலைவலி.' 'மழை, கவனம் சிதறல்.' 'மனம் ஒட்டவில்லை.' 'நாற்காலி மாற்றப்பட்டது.' எல்லாவற்றிலும் மதிப்பெண் மூன்று, நான்கு, ஐந்து, மிஞ்சினால் ஆறு, எங்கேயாவது ஒரு ஏழு.

மெய்ப்பு பார்ப்பவளுக்கு மையின் நிறம் தப்புமா? மதிப்பெண்ணெல்லாம் நீல மையில், சீட்டுக்காரரின் கையெழுத்தில் இருந்தது. குறிப்பெல்லாம் பச்சை மை. சில தாளில் பச்சை எழுத்து, மதிப்பெண்ணின் நீலக் கோட்டுக்கு மேலேயே ஏறிப் போயிருந்தது. மதிப்பெண்ணைப் பார்த்த பிறகுதான் தலை வலித்திருக்கிறது, மழை பெய்திருக்கிறது.

முதல் தாளை எடுத்தாள். அந்தப் பதினொன்று வந்த சுற்று. தாளின் தலையில் நீல மையில், ஆரம்பிக்கும் முன்னே, 'பயிற்சி' என்று எழுதியிருந்தது. புது ஆளுக்கு முதல் சுற்று பழக்கத்துக்காக, கணக்கில் சேராது. அந்தச் சொல்லின் மேல் பச்சை மையில் ஒரு கோடு. பேராசிரியர் அதை அடித்துவிட்டிருந்தார்.

குறைவாக வந்தால் பயிற்சி என்று எழுது. அதிகமாக வந்தால் பயிற்சி என்று எழுதியதை அடி. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தது போதாதென்று, அதற்கு முத்திரை குத்திச் சட்டம் போட்டு எங்கள் வீட்டுச் சுவரில் மாட்டியிருக்கிறான் இந்த மனுஷன் என்று நினைத்தாள். எல்லாவற்றையும் மூன்று தடவை கூட்டினாள். ஆயிரத்து அறுநூறு சீட்டு. கண்ணை மூடிக்கொண்டு யார் சொன்னாலும் முந்நூற்றிருபது சரியாக வரும். அப்பா சொன்னது முந்நூற்று இருபத்து மூன்று.

மூன்று சீட்டு அதிகம். அந்த மூன்று சீட்டுக்காக அம்மாவின் கை.

வீட்டுக்கு வந்து அப்பாவின் முன்னால் கணக்கை வைத்தாள். அவர் வெகுநேரம் பார்த்தார்.

"நீ கோபத்துல எண்ணியிருப்ப" என்றார்.

"கோபத்துல எண்ணினா அஞ்சு நாலாகுமாப்பா?"

அப்பா தாளை மடித்தார். "மறுபடி என்னை உக்கார வைக்கச் சொல்லு. நீயே விதி போடு. இருந்தா இருக்கட்டும், இல்லன்னா இல்ல" என்றார். சொல்லும்போது அவர் அவளைப் பார்க்கவில்லை. உள்ளறையில் படுத்திருந்த அம்மாவின் பக்கம்தான் பார்த்தார்.

கட்டுரையின் கடைசி வரியில் 'எந்தச் சோதனைக்கும் தயார்' என்று பேராசிரியர் எழுதியிருந்தார். பெரியவள் அதையே மேற்கோள் காட்டி அலுவலகம் வழியாகக் கடிதம் போட்டாள். அவரால் மறுக்க முடியவில்லை. தவிர, அவருக்கு நம்பிக்கையும் இருந்தது. அதுவும் அவளுக்கு எரிச்சல்தான். மனதறிந்து ஏமாற்றுகிறவனாக இருந்தால் வெறுப்பதாவது சுலபமாக இருந்திருக்கும்.

விதிகளை அவள் ஒரே பக்கத்தில் எழுதினாள். இருபது சுற்று, கூடவும் கூடாது குறையவும் கூடாது. இருபதும் கணக்கில் சேரும், பயிற்சி என்று எதுவும் கிடையாது. சீட்டுக்காரர் வேறொரு அறையில் கதவைச் சாத்திக்கொண்டு கலைத்து எடுப்பார், மணி அடிப்பார். அப்பா சொல்வதை, தைத்த பதிவேட்டில் பக்க எண் போட்டு அழியாத மையில் எழுதுவது அவள். பேராசிரியர் பார்க்கலாம், எழுதக் கூடாது. நான்கு பேரும் கையெழுத்திட்டார்கள்.

இரண்டு நாள் நடந்தது. அப்பா ஒவ்வொரு சீட்டுக்கும் நெற்றியைச் சுருக்கி, உதட்டை அசைத்து, மெதுவாகச் சொன்னார். வட்டம். அலை. அலை. நட்சத்திரம். வியர்வை கழுத்தில் இறங்கியது. அவளுக்கு ஒரு கணம், ஒரே ஒரு கணம், அவர் ஜெயித்துவிட வேண்டும் என்றுகூட இருந்தது. அந்த நினைப்பு வந்ததற்காகத் தன்மேலேயே கோபப்பட்டாள்.

இரண்டாம் நாள் மாலை சீட்டுக்காரர் தன் பட்டியலைக் கொண்டுவந்து வைத்தார். ஒத்துப் பார்த்தார்கள். ஐந்நூறு சீட்டில் தொண்ணூற்றேழு சரி. ஒரு சுற்றில் ஒன்பது, ஒரு சுற்றில் இரண்டு, மற்றவையெல்லாம் நடுவில்.

பேராசிரியர் முகம் வாடவில்லை. "இதுல ஆச்சரியமே இல்ல" என்றார். "நம்பாத ஒருத்தங்க, அதுவும் இவ்வளவு கோபத்தோட பக்கத்துல உக்காந்திருந்தா, அந்த உணர்வு ஒடுங்கிடும். ரொம்ப மென்மையான விஷயம் இது. ஆனாலும் அந்த ஒன்பதைப் பாருங்க. அந்த ரெண்டையும் பாருங்க. அவ்வளவு கம்மியா வரணும்னா, சரியான சீட்டு உள்ளுக்குள்ள தெரிஞ்சு வேணும்னே விலகணும். அதுவும் ஒரு சக்திதான்."

பெரியவள் வாயைத் திறந்தாள். ஆடத் தெரியாதவளுக்குக் கூடம் கோணல் என்பார்கள், இங்கே கோணலே நாட்டியம் என்கிறாரே. அவள் கேட்க நினைத்ததைக் கேட்கவில்லை, அதற்குள் அப்பா எழுந்துவிட்டார்.

"ஐயா, ஒன்பது வந்தா சக்தி. ரெண்டு வந்தாலும் சக்தி. எது வந்தா இல்லன்னு ஒத்துக்குவீங்க?"

"அப்படிக் கேக்கக் கூடாதுங்க..."

"எப்படிக் கேக்கணும்?" அப்பா குரலை உயர்த்தவில்லை. "நான் முப்பத்தொரு வருஷம் சிக்னல் அறையில இருந்தவன். அங்க ஒரு பதிவேடு உண்டு. நெம்புகோல் ஒரு தடவை மக்கர் பண்ணினாலும் அந்த நிமிஷமே எழுதணும். நல்லா வேலை செஞ்சதை எழுத மறந்தாக்கூட மன்னிப்பாங்க. மக்கர் பண்ணினதை மறைச்சா ஜெயில். ஏன்னா அடுத்து வர்ற வண்டியில ஜனங்க இருக்காங்க. நீங்க ஐம்பத்து நாலு தடவை மக்கர் பண்ணினதை மறைச்சுட்டு, சிக்னல் நல்லாயிருக்குன்னு எனக்குக் கடுதாசி கொடுத்தீங்க. நான் அதை நம்பி வண்டியை விட்டேன். வண்டியில என் பொண்டாட்டி இருந்தா."

பேராசிரியர் கையைத் தூக்கி ஏதோ சொல்ல வந்தார்.

"உக்காருங்க" என்றார் அப்பா. பேராசிரியர் உட்கார்ந்தார்.

சீட்டுக்காரர் பதிவேட்டின் கடைசிப் பக்கத்தில் தானாகவே இன்னொரு கையெழுத்தைப் போட்டு, 'பழைய தாள்களின் குறிப்புகள் மதிப்பெண் எழுதிய பிறகு சேர்க்கப்பட்டவை, நான் சாட்சி' என்றும் எழுதினார். பேராசிரியர் அதை வெறித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு மாதம் கழித்து சீட்டுக்காரரைக் கிடங்குக்கு மாற்றிவிட்டார்கள்.

வீட்டுக்குப் போனதும் அப்பா செருப்பைக்கூடக் கழற்றாமல் அம்மாவின் கட்டிலருகே போய் நின்றார். "எனக்கு ஒன்னும் தெரியாது. எப்பவுமே தெரிஞ்சதில்ல" என்றார்.

அம்மாவுக்குப் பேச்சு கொஞ்சம் கொஞ்சமாகத்தான் வந்துகொண்டிருந்தது. ஒவ்வொரு சொல்லையும் நாக்கால் தள்ளி வெளியே கொண்டுவர வேண்டியிருந்தது. இத்தனை வாரமும் அவள் யாரையும் குறை சொல்லவில்லை. பெரியவள் அதைப் பொறுமை என்று நினைத்திருந்தாள்.

"கை மரத்துப் போச்சுன்னு... சொன்னேன்" என்றாள் அம்மா. "நீங்க... கண்ண மூடிக்கிட்டீங்க."

அப்பா நின்றபடியே இருந்தார்.

"திறந்து பாத்திருந்தா... என் வாய் கோணினது... தெரிஞ்சிருக்கும்." இடது கையால் போர்வையை இழுத்துக்கொண்டாள். "பத்து நிமிஷம் பக்கத்துல நின்னீங்க. ஒரு தடவைகூட... என் மூஞ்சியப் பாக்கல."

பெரியவள் அடுப்படிக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு நின்றாள். அம்மா பொறுத்துக்கொண்டிருக்கவில்லை. அதைச் சொல்ல வாய் இல்லாமல் இருந்திருக்கிறாள்.

மறுநாள் காலை அப்பா சட்டத்தைக் கழற்றினார். பிறகு ஒரு பழைய நாட்காட்டியின் பின்புறத்தில், தான் கண்ணை மூடிப் 'பார்த்துச்' சொன்ன ஆட்களையெல்லாம் ஒவ்வொருவராக நினைவுபடுத்தி எழுதினார். சாவிக்காரர்களை விட்டுவிட்டார். உடம்புக்காக வந்தவர்கள் மட்டும் பத்தொன்பது பேர். வீடு வீடாகப் போய், "நான் சொன்னதை நம்பாதீங்க, டாக்டர்கிட்ட போங்க" என்று சொல்ல வேண்டும் என்றார். "துணைக்கு வரியாம்மா?" என்று கேட்டார்.

"உங்களுக்காக வரல" என்றாள். "அவங்களுக்காக வரேன்."

சிலர் சிரித்தார்கள். ஒருத்தர் கதவைச் சாத்தினார். ஒருத்தர், பெரிய மனிதர்கள் இப்படித்தான் தன்னடக்கமாகப் பேசுவார்கள் என்றார். பதினான்காவது வீட்டில் சலவைக்கடைக்காரம்மா இருந்தாள். கழுத்தில் ஒரு வீக்கம். அப்பா ஆறு மாதம் முன்பு பார்த்து, ஒன்றுமில்லை, சூட்டுக்கட்டி, தானே வற்றிவிடும் என்று சொன்னது. வற்றவில்லை, பெரிதாகியிருந்தது. "நீங்கதானே அண்ணே சொன்னீங்க, அதான் விட்டுட்டேன்" என்றாள் அவள்.

அப்பா கடை வாசலில் உட்கார்ந்துவிட்டார். நீ கிளம்பும்வரை எழுந்திருக்க மாட்டேன் என்றார். துணி வாங்க வந்தவர்கள் அவரைச் சுற்றிக்கொண்டு போக வேண்டியிருந்தது. ஒரு மணி நேரம் கழித்து அவள், மானம் போகிறதே என்று கடையைப் பூட்டிக்கொண்டு பெரியவளோடு ஆஸ்பத்திரிக்குக் கிளம்பினாள். பத்தே நாளில் அறுவை சிகிச்சை நடந்தது. இன்னும் இரண்டு மாதம் விட்டிருந்தால் கை மீறிப் போயிருக்கும் என்றார்கள்.

ஆய்விதழுக்குப் பெரியவள் நான்கு கடிதம் போட்டாள். நான்காவதுக்குத்தான் பதில் வந்தது. 'தங்கள் கருத்து கவனத்தில் கொள்ளப்பட்டது.' கட்டுரை அப்படியே இருக்கிறது. பேராசிரியர் வேறொரு ஆளை வைத்து ஆய்வைத் தொடர்கிறார் என்று சீட்டுக்காரர் கிடங்கிலிருந்து தொலைபேசியில் சொன்னார். பெரியவள் ஐந்தாவது கடிதத்தை எழுதினாள், அறுபத்து நான்கு தாளின் நகலையும் சேர்த்து. சின்னவள் ஊரிலிருந்து கூப்பிட்டு, "இன்னும் எத்தனை நாள்தான்க்கா கோபமா இருப்ப?" என்று கேட்டபோது, "அவங்க பதில் போடற வரைக்கும்" என்றாள். அப்பாவோடு அவள் தேவையானதற்கு மட்டும் பேசினாள். அம்மாவைப் பயிற்சிக்குக் கூட்டிப் போவது இப்போது அப்பாவின் வேலை. பந்தை அமுக்கச் சொல்லி அவர் எண்ண, அம்மா அவர் முகத்தைப் பார்க்காமல் அமுக்குவாள்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை சலவைக்கடைக்காரம்மா கழுத்தில் கட்டோடு, பை நிறையப் பழத்தோடு வந்தாள். வந்ததும் அப்பாவின் காலைத் தொடப் போனாள். அவர் பதறி விலகினார்.

"நீங்க தெய்வம்ணே. எனக்கு உள்ள என்ன இருக்குன்னு உங்களுக்குத் தெரிஞ்சுதானே வாசல்ல உக்காந்து அடம் பிடிச்சீங்க? டாக்டரே கண்டுபிடிக்கறதுக்கு முன்னாடி நீங்க பாத்துட்டீங்க. தெரு பூராவும் சொல்லிட்டேன்."

"அம்மா தாயே, நான் ஒன்னும் பாக்கல" என்றார் அப்பா. "முதல்ல ஒன்னுமில்லன்னு சொன்னதே நான்தானே."

"அது என்னை பயமுறுத்தக் கூடாதுன்னு சொன்னீங்க. எனக்குத் தெரியாதா?"

அப்பா இரண்டு கையாலும் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். உதவிக்குப் பெரியவளைப் பார்த்தார். உள்ளறையிலிருந்து அம்மா, "சொல்லு அவகிட்ட" என்றாள். குழறல் இல்லாமல் வந்தது அந்த வார்த்தை.

பெரியவளுக்குச் சிரிப்பு வரவில்லை. முகம் சிவக்க, பழப் பையை ஓரமாக நகர்த்தி வைத்துவிட்டு, நாற்காலியை இழுத்துச் சலவைக்கடைக்காரம்மாவுக்கு நேர் எதிரே போட்டு உட்கார்ந்தாள்.

"அக்கா, நான் சொல்றதைக் கடைசி வரைக்கும் கேளுங்க. மொத்தம் இருபத்தஞ்சு சீட்டு. அதுல வட்டம் அஞ்சு" என்று ஆரம்பித்தாள்.